ஏற்கெனவே

மை கிடையாது, அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.
கத்தரிக்கோல், சிவப்புப் பென்சில்
எதுவும் கிடையாது.
மவுஸை அழுத்தி இழுத்தால் ஒரு பெட்டி வரும்.
விரலை எடுத்தால் கறுக்கும்.
ஒட்டாவா, ஐந்தாம் மாடி, ஜன்னலோர மேசை,
ஆண்டுக்கு இருபது நாள் விடுப்பு,
பல் வைத்தியத்துக்குக் காப்புறுதி.

நான் பொய் எழுதுவதில்லை.
ஒரு சொல்லைக்கூட மாற்றியதில்லை.
மூடுவேன், அவ்வளவுதான்.
எந்தப் பிரிவின் கீழ் மூடினேன் என்று
ஓரத்தில் எண் போடுவேன்.
சட்டம் அந்த அளவுக்கு நாகரிகமானது.

கொழும்பில் நான் வாசித்த பத்திரிகைகளில்
தணிக்கை வெள்ளையாக இருந்தது.
தலைப்பு இருக்கும், கீழே வெறும் தாள்.
தம்பி அதில் அல்ஜிப்ரா கணக்குப் போடுவான்.
பஸ்ஸில் பக்கத்துச் சீட்டுக்காரர்
அந்த வெள்ளையையே இரண்டு தரிப்பிடம் தாண்டும்வரை
வாசித்துக்கொண்டிருப்பார்.
இங்கே நேர்முகத்தில் கேட்டார்கள்,
இரகசியம் காப்பீர்களா?
சிரிப்பு வந்தது. ஆம் என்றேன்.

பெப்ரவரியில் வந்த விண்ணப்பம்.
ஜொசியான் பெர்த்தியோம்,
வடக்கே ஒரு மர ஆலை ஊரின் வாரப் பத்திரிகை.
ஹொக்கி முடிவுகள், மரண அறிவித்தல்,
பழைய உழவியந்திரம் விற்பனைக்கு.
ஐந்து டொலர் கட்டணத்தைக் காசோலையாக அனுப்பியிருந்தாள்.
எங்கள் ஏரியைச் சோதித்தவர்கள்
தமக்குள் என்ன எழுதிக்கொண்டார்கள்?

முப்பது நாளில் பதில் சொல்லவேண்டும்.
மேலும் நூற்றிருபது கேட்டோம்.
அதற்கு மேலும் கேட்டோம்.
திங்கட்கிழமைகளில் தொலைபேசியில் வருவாள்,
கோபிக்கமாட்டாள்.
இன்றைக்கு அங்கே எவ்வளவு குளிர்?
பிறகுதான், என் கோப்பு எங்கே நிற்கிறது?
நிற்கிறது. சரியான சொல்.

இருநூற்றுப் பதினான்கு பக்கம்.
மூடுவதற்கு முன் வாசிக்கவேண்டும்,
சம்பளத்தில் சேராத பகுதி அது.
யார் அளந்தார், எவ்வளவு வந்தது,
யாருக்கு எழுதினார், யார் பதில் போடவில்லை.
ஒரு மின்னஞ்சலின் அடியில் யாரோ
சிரிக்கும் மஞ்சள் முகம் ஒன்று போட்டிருந்தார்.
சிரிப்பு எந்தப் பிரிவில் வரும் என்று
கால் மணி நேரம் தேடினேன்.
எழுந்து தண்ணீர் குடிக்கப் போனேன்.
குவளை நிறைந்து வழிந்தது,
குழாயை மூடத் தோன்றவில்லை.

ஆலோசனை. பிரிவு இருபத்தொன்று.
பெட்டி. பெட்டி. பெட்டி.
நவம்பர், மாலை நாலரை,
நூற்றெண்பது பக்கம் இருட்டிவிட்டது,
வெளியிலும்.

அவள் செய்தி எழுதவில்லை.
நூற்றெழுபத்தாறாம் பக்கத்தை எடுத்து
அப்படியே முதற்பக்கத்தில் போட்டிருந்தாள்.
மேலிருந்து கீழ்வரை என் கறுப்பு.
இரண்டு பெட்டிகள் சேராத இடுக்கில்
ஒரே ஒரு சொல்
வெளியே நின்றது:
ஏற்கெனவே.
அடியில் அவளுடைய ஒற்றை வரி:
எப்போதிருந்து?

அடுத்த திங்கள் பிரெண்டன் கூப்பிட்டார்.
நல்ல மனிதர், கதவை மெதுவாகச் சாத்துபவர்.
பெட்டி நழுவிவிட்டதா?
நழுவியிருக்கலாம்.
நீங்கள்தானே சரிபார்த்தீர்கள்?
இரண்டு தடவை.
அவர் ஏதோ எழுதிக்கொண்டார்.
என்ன எழுதினார் என்று அறிய
நானும் விண்ணப்பிக்கலாம்,
ஐந்து டொலர்.

மேசைக்குத் திரும்பினால் தொலைபேசி அடிக்கிறது.
அந்தச் சொல்லைப் பற்றி அவள் கேட்கவில்லை.
இன்றைக்கு அங்கே எவ்வளவு குளிர்?
மைனஸ் பதினெட்டு என்றேன்.
காற்றோடு சேர்த்தால் இருபத்தாறு.
இரண்டையும் சொல்ல
எனக்கு அனுமதி இருந்தது.